ஜீவனும் மீராலெப்பையும் இருந்த பக்கம்

பாசிக்குடாவில் ஒரு ஹோட்டலுக்குப் பெயர்ப்பலகை எழுதிக்கொண்டிருந்தேன். ஏணியின் மேலே நின்றபடிதான் தொலைபேசியை எடுத்தேன். "அண்ணன், பெரியம்மா போயிட்டா" என்றாள் சுகந்தி. யோகமலர் அக்காவின் தங்கை மகள் அவள். நோய் கண்ட நாளிலிருந்து அக்காவோடு கூட இருந்து பார்த்தவள். அவள் அழவில்லை. "காலையில தேத்தண்ணி குடுக்கப் போனன். எழும்பல்ல" என்றாள். பிறகு கொஞ்சம் பொறுத்து, "உங்களுக்குத்தான் முதல்ல சொல்றன். இனித்தான் தேற்றாத்தீவுக்குச் சொல்லோணும். மாமா போனை எடுப்பாரோ தெரியா" என்றாள்.

தேற்றாத்தீவில் இருப்பவர் அக்காவின் அண்ணன், தருமலிங்கம். தங்கையோடு அவர் பேச்சை நிறுத்திப் பல வருடங்களாகிவிட்டன. அதற்குக் காரணம் அக்கா எழுதிய ஒரு புத்தகம். அதற்குப் படம் கீறியவன் நான். அக்காவை அறிந்தவர்கள் அந்தப் புத்தகத்தைப் பற்றி அரைகுறையாகக் கேள்விப்பட்டிருப்பீர்கள். இப்போதாவது முழுதாகச் சொல்லிவிட வேண்டும்.

காணிப் பதிவுக் கந்தோரில் எழுதுவினைஞராக இருந்தவர் அக்கா. பழைய காணி உறுதிகளை வாசித்து வாசித்தே இந்த மாவட்டத்தின் கதை அவருக்குப் பிடிபட்டது. எந்த வயல் வட்டை யார் கையிலிருந்து யார் கைக்குப் போனது, எந்த ஊரில் எந்தக் குடி முதலில் வந்து காடு வெட்டியது, எந்த ஊர் இப்போது பெயரோடு மட்டும் இருக்கிறது என்பதையெல்லாம் பெரியவர்களுக்கான நூல்களில் எழுதினார். அவற்றை வாசித்தவர்கள் கொஞ்சப் பேர். பிள்ளைகளுக்கு எழுதியவைதான் வீடு வீடாகப் போயின.

முதல்முறை ஏறாவூரில் என் கடைக்கு வந்தபோது அவர் கையில் எங்கோ அச்சான ஒரு சிறுவர் புத்தகம் இருந்தது. அதை விரித்து என் முன்னால் வைத்தார். "தம்பி, இதுல பனி பெய்யுது. நம்மட பிள்ளைகளுக்குத் தெரிஞ்சது மாரிக்கு வீட்டுக்குள்ள வாற வெள்ளம். நீங்க வெள்ளம் கீறுவீங்களா?"

"நான் போர்டு எழுதுற ஆள் அக்கா" என்றேன்.

"அது தெரிஞ்சுதான் வந்தன். சந்தையடி மீன்கடைப் போர்டுல நீங்க கீறினது கொடுவா. பார்த்த உடனே பேர் சொல்லலாம். மற்ற ஆக்கள் கீறினா அது வெறும் மீன்."

அப்படித்தான் தொடங்கியது. முதல் புத்தகம் வெள்ளத்தைப் பற்றியது. அதில் செத்த கன்று ஒன்று மிதந்து போகும் காட்சியை எழுதியிருந்தார். பிள்ளைகள் பயப்படமாட்டார்களா என்று கேட்டேன். "போன மாரியில அதுகள் கண்ணால பார்த்த கன்றுதானே. பார்த்தத நாம மறைச்சா, புத்தகம் பொய் சொல்லுதெண்டு பிள்ளைகள் விளங்கிக்கொள்ளும். பிறகு நாம என்ன எழுதினாலும் நம்பாது" என்றார். கன்றைக் கீறினேன். தன்னாமுனையில் அவர் வீட்டு வளவில் பிள்ளைகளைக் கூட்டி அதை வாசித்தபோது ஒருவரும் அழவில்லை. தங்கள் வீட்டில் வெள்ளத்தோடு போனவற்றை ஒவ்வொருவராகச் சொல்லத் தொடங்கினார்கள். அக்கா புத்தகத்தை மூடிவிட்டு அவர்களைக் கேட்டுக்கொண்டிருந்தார்.

சில புத்தகங்கள் தள்ளித்தான் அந்தப் புத்தகம் வந்தது. 'நம் கரையில் நடந்தவை' என்று பெயர். வாவிக்கரை ஊர்களின் வரலாறு, பத்துப் பன்னிரண்டு வயதுப் பிள்ளைகளுக்கு. பறங்கியர் கோட்டை கட்டியது, நெசவுத் தறிகள் வந்தது, சூறாவளி அடித்தது என்று ஒழுங்காகப் போய்க்கொண்டிருந்தது. பிறகு, தமிழர், முஸ்லிம்கள் என்று எங்கள் இரு சனமும் ஒருவரை ஒருவர் கொன்ற அந்த வருடத்துக்கு வந்து நின்றது. அக்கா பல மாதம் அந்த இடத்தைத் தாண்டவில்லை.

ஒருநாள் என் வீட்டுக்கு வந்து உம்மாவுக்குப் பக்கத்தில் பாயில் உட்கார்ந்தார். என் வாப்பா மீராலெப்பை சேலை வியாபாரி. மூட்டையைக் கட்டிக்கொண்டு வாவிக்கு மேற்கே படுவான்கரை ஊர்களுக்குப் போய்வருவார். அந்த வருடம் போனவர் வரவில்லை. வழியில் ஆயுதத்தோடு நின்றவர்கள் பஸ்ஸிலிருந்து இறக்கிக் கொண்டுபோனதாகப் பிறகு கேள்விப்பட்டோம். அதே வருடம், அதே மாதத்தில் அக்காவின் தம்பி ஜீவன் சைக்கிளில் பட்டணத்துக்குப் போனவர் வரவில்லை. அவரை மறித்துக் கொண்டுபோனவர்கள் வேறு ஆட்கள், சீருடைக்காரரோடு நின்ற ஊர்காவலர்கள்.

"உங்கட வீட்டுக்காரரப் பத்தி எழுதலாமா எண்டு கேக்க வந்தன்" என்றார் அக்கா.

உம்மா வெற்றிலைத் தட்டைப் பக்கத்தில் இழுத்தா. வெற்றிலையைக் கையில் வைத்து மடித்துக்கொண்டேயிருந்தா. "எழுதுங்க மகள்" என்றா கடைசியில். "ஆனா அவரு மவுத்தான கதைய மட்டும் எழுதாதீங்க. அது எல்லாருக்கும் தெரியும். எருமத் தயிருக்கு அவரு சீனி போடமாட்டாரு, சக்கரதான் வேணும். அது ஆருக்கும் தெரியா. அத எழுதுங்க."

அக்கா எழுதியது இவ்வளவுதான். ஒரே பக்கம், இரண்டு முகம், கீழே சில வரிகள்:

'இவர் பெயர் ஜீவன். சைக்கிள் திருத்தக் கெட்டிக்காரர். இறால் பொரியல் என்றால் இரண்டாம் தரமும் சோறு கேட்பார். இவர் பெயர் மீராலெப்பை. ஊர் ஊராகப் போய்ச் சேலை விற்றவர். எருமைத் தயிருக்குச் சர்க்கரைதான் போடுவார். இருவரும் ஒரே வருடத்தில் வீட்டிலிருந்து போனார்கள். திரும்பி வரவில்லை. அவர்களைக் கூட்டிப்போனவர்கள் எங்கள் மொழியில்தான் பேசினார்கள்.'

வாப்பாவைக் கீறுவது எனக்குச் சிரமமாக இருக்கவில்லை. அடையாள அட்டைப் படம் இருந்தது. ஜீவனுக்கு ஒரு படமும் இல்லை. அந்த வருடமே அவர்கள் வீடும் எரிந்துபோனது. அக்கா எனக்குப் பக்கத்தில் இருந்து சொல்லச் சொல்ல நான் பென்சிலால் கீறி, அழித்து, திரும்பக் கீறினேன். நெற்றி சரி என்றார். கண் கொஞ்சம் உள்ளே என்றார். மயிர் இப்படி இல்லை, சுருள் என்றார். ஒரு கட்டத்தில் தாளைக் கையில் எடுத்துப் பார்த்துக்கொண்டே இருந்தார். "எனக்கு அவன்ட முகம் மறந்திட்டுது தம்பி" என்றார். "நான் இவ்வளவு நேரமும் உங்களுக்குச் சொன்னது அண்ணன்ட முகமோ என்னவோ." அன்றைக்குத்தான் முதலும் கடைசியுமாக அக்கா அழுததைப் பார்த்தேன். பிறகு, "இது போதும், இப்பிடியே போடுவம்" என்று தாளைக் கொடுத்துவிட்டு எழும்பிப் போனார்.

புத்தகம் வெளிவர இருந்த நேரத்தில் அக்காவின் வீட்டுக்குச் சிலர் வந்தார்கள். அவருடைய ஊர் ஆட்கள்தான், முகம் தெரிந்தவர்கள். நானும் அங்கே இருந்தேன். கடைசி வரியை எடுக்கச் சொன்னார்கள். "அந்த முஸ்லிம் ஆளக் கொண்டுபோனது எங்கட பொடியன்மார் எண்டுதானே சொல்ல வாறீங்க?" என்றார் ஒருவர்.

"நான் ஆருட பேரும் எழுதல்லையே" என்றார் அக்கா. "உங்களுக்கு எப்பிடித் தெரியும்?"

அவர்கள் தேத்தண்ணியைத் தொடாமல் எழும்பிப் போனார்கள்.

சில நாளில் என் கடைக்கும் ஆட்கள் வந்தார்கள். எங்கள் பள்ளிவாசலில் தோளோடு தோள் நின்று தொழுகிறவர்கள். "நீ மீராலெப்பைக் காக்காட மகன்தானே? அந்தப் பொடியனக் கொண்டுபோனது நம்மட ஆக்களெண்டு எழுதின புத்தகத்துக்கு நீ படம் கீறுவியா? அந்த வரிய எடுக்கச் செல்லு" என்றார்கள். அன்றே தன்னாமுனைக்குப் போய் அக்காவிடம் சொன்னேன். அவர் சிரித்தார். நல்ல சிரிப்பு இல்லை. "இத்தின வருசத்துக்குப் பிறகு ரெண்டு சனமும் ஒத்துப்போற விசயம் ஒண்டு கிடைச்சிருக்கு தம்பி. இந்தப் பக்கத்தக் கிழிக்கிறது."

வெளியீட்டுக்குத் தருவதாகச் சொன்ன மண்டபத்தைப் பிறகு தரவில்லை. பேச வருவதாக ஒப்புக்கொண்டவர்களுக்கு அன்றைக்கென்று வேறு வேலை வந்தது. அக்கா வரியை எடுக்கவில்லை. பாடசாலைகளுக்குத் தானே பஸ்ஸில் கொண்டுபோய்க் கொடுத்தார். பிறகு ஒரு பாடசாலைக்கு வேறு அலுவலாகப் போனபோது நூலக அலுமாரியில் புத்தகத்தை எடுத்து விரித்துப் பார்த்தார். அந்தத் தாளைக் காணவில்லை. அடுத்த பாடசாலையிலும் அப்படித்தான். அது எங்கள் ஊர்ப் பாடசாலை; நானும் கூடப் போயிருந்தேன். வெளியே வந்து மரத்துக்குக் கீழே நின்று, "பிளேட்டால வெட்டியிருக்கிறாங்கள்" என்றார். "எவ்வளவு கவனமா வெட்டியிருக்கிறாங்கள் எண்டு பாருங்க. அடுத்த பக்கத்துல நீங்க கீறின நண்டு கொஞ்சமும் பழுதாகல்ல."

இதெல்லாம் அவரை அவ்வளவு உலைக்கவில்லை என்றே நினைக்கிறேன். உலைத்தது அண்ணன் வந்த நாள். தருமலிங்கம் அண்ணன் புத்தகத்தைக் கையில் வைத்துக்கொண்டு வளவுக்குள் நின்றார். வீட்டுக்குள் ஏறவில்லை. "அம்மா கண்ண மூடுமட்டும் அவனுக்கெண்டு சோறு எடுத்து வச்சவ. நீ அவனச் செத்தவனாக்கிட்டாய். அதுவும் அவங்கட ஆளோட ஒரே பக்கத்தில."

"செத்தவனெண்டு நான் எழுதல்ல அண்ணா. திரும்பி வரல்ல எண்டுதான் எழுதினன்."

"ரெண்டுக்கும் என்ன வித்தியாசம்?" என்றார் அவர். அண்ணன் வளவு வாசல் கடப்படியைத் தாண்டிப் போகும்வரை அக்கா பார்த்துக்கொண்டு நின்றார். அதற்குப் பிறகு நல்லநாள் கெட்டநாள் ஒன்றுக்கும் தேற்றாத்தீவிலிருந்து ஒருவரும் வரவில்லை.

சிறுநீரகம் பழுதானபின் கிழமைக்கு இரண்டு தரம் ஆஸ்பத்திரிக்குப் போய் இரத்தம் சுத்தம் செய்யவேண்டியிருந்தது. அந்தக் கட்டிலில் கிடந்தும் வேலை செய்தார். பெரியவர்களுக்கான கடைசி நூல் அது; அதே வருடத்தைப் பற்றியது. அச்சுக்குக் கோர்த்து வந்த தாள்களை நான் வாசிப்பேன், அவர் கண்ணை மூடிக் கேட்பார். ஒரு தாளில் 'துன்பியல் நிகழ்வு' என்று வந்தது. அச்சகத்தில் யாரோ திருத்தம் என்று சேர்த்திருக்கிறார்கள். அக்கா கண்ணைத் திறந்தார். "அத வெட்டுங்க. ஆர் செய்தது எண்டு சொல்லப் பயந்த ஆக்களுக்குத்தான் அந்தச் சொல் தேவை" என்றார். ஒரு கையில் ஊசி இருந்தது. மற்றக் கையின் வீங்கிப்போன விரலால் அந்த இடத்தைத் தொட்டுக் காட்டினார். கடைசி அத்தியாயத்துக்குத் தலைப்பு மட்டும் வைத்திருந்தார். 'பிறகு' என்று. அதற்குக் கீழே ஒரு வரிகூட எழுதவில்லை. அந்த நூல் இனி எப்படி வெளிவரும் என்று எனக்குத் தெரியாது. வராமலும் போகலாம்.

பாசிக்குடாவிலிருந்து நேரே தன்னாமுனைக்குப் போனேன். பந்தலில் கதிரைகள் அதிகம், ஆட்கள் குறைவு. கந்தோரில் கூட வேலை செய்த இரண்டு மூன்று பெண்கள், அயலார், வெள்ளப் புத்தகத்தை அந்த வளவில் இருந்து கேட்டு இப்போது பிள்ளைகளோடு இருக்கும் சிலர். எழுத்துக்காரர் என்று சொல்லிக்கொள்ளும் ஒருவரும் அதுவரை வரவில்லை. சுகந்தி எனக்கு ஒரு கதிரை இழுத்துப் போட்டாள். உம்மாவும் வரவேண்டும் என்று நின்றா. முழங்கால் விடவில்லை. 'நல்ல மனிசி எண்டு செல்லு' என்று மட்டும் சொல்லியனுப்பியிருந்தா. யாரிடம் சொல்வது என்று தெரியாமல் அதைச் சுகந்தியிடம் சொன்னேன்.

பிரேதம் எடுக்கக் கொஞ்சத்துக்கு முன்னால் தருமலிங்கம் அண்ணன் வந்தார். மெலிந்துபோயிருந்தார். தங்கையின் தலைமாட்டில் நின்றார். பிறகு வெளியே வந்து பந்தலைச் சுற்றிப் பார்த்தவர், நேரே என்னிடம் வந்தார். எழும்பிப் போகச் சொல்லப் போகிறார் என்றுதான் நினைத்தேன். எழும்பி நின்றேன்.

"நீதானே அந்தப் படம் கீறின ஆள்?"

"ஓம் அண்ணன்."

"அவன்ட போட்டோ ஒண்டும் எங்களிட்ட இல்லையே. என்னத்தப் பார்த்துக் கீறினாய்?"

"அக்கா சொல்லச் சொல்லத்தான் கீறினன்."

பக்கத்துக் கதிரையில் இருந்துவிட்டார். என்னைப் பார்க்காமல் வாசலைப் பார்த்துக்கொண்டு சொன்னார். "மூக்குப் பிழை. அவனுக்கு என்னைப் போல மூக்கில்ல. அம்மாட மூக்கு. சின்னன். இவளுக்குத்தான் அவன்ட முகம் நல்லாத் தெரியுமெண்டு நாங்க எல்லாரும் இருந்தம். இவதான் அவனத் தூக்கி வளர்த்தவ." பிறகு என் பக்கம் திரும்பினார். "என்னட்டக் கேட்டிருக்கலாமே. ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம்."

கேட்டிருந்தால் அவர் சொல்லியிருப்பாரா என்று நான் கேட்கவில்லை. கேட்கக்கூடிய நேரமும் அது இல்லை. பிரேதத்தைத் தூக்கினார்கள். அவர் எழும்பிப் போய்த் தோள் கொடுத்தார்.

வெட்டப்படாத புத்தகங்கள் கொஞ்சம் என் கடையில் இருக்கின்றன. ஒருவரும் கேட்டு வருவதில்லை. அக்கா போனபின் அவற்றைத் தூக்கிக்கொண்டு பாடசாலைக்குப் போக எனக்குத் துணிவு வருமா என்று இன்னும் தெரியவில்லை. ஆனால் அவரிடமிருந்து என்னிடம் ஒன்று தங்கிவிட்டது. ஒரு மனிசரைப் பற்றி எழுதுவதற்கு முன், கீறுவதற்கு முன், அவர் யாருக்குச் சொந்தமோ அந்த வீட்டுப் பாயில் போய் உட்கார்ந்து கேட்பது. முதல் பதில் வரும்வரை பேசாமல் இருப்பது. வருகிற கிழமை தேற்றாத்தீவுக்குப் போகிறேன், பென்சிலும் தாளும் கொண்டு. தருமலிங்கம் அண்ணன் என்னை வரச் சொல்லவில்லை. வரவேண்டாம் என்றும் சொல்லவில்லை.