பரம எதிரியும் பதினாறு இலக்கமும்

லிஃப்ட் மெக்கானிக் தம் நாற்பத்தாறு வயது வாழ்க்கையில் பெருமைப்படும்படி செய்த காரியங்கள் இரண்டு. ஒன்று, பதினோரு மாடிக் கட்டடத்தில் நின்றுபோன லிஃப்டை ஒரே ஸ்க்ரூடிரைவரால் கிளப்பியது. மற்றது, மனைவியின் அண்ணனோடு இரண்டு வருடங்களாக ஒரு வார்த்தைகூடப் பேசாமல் இருப்பது. படிக்கட்டு என்ற பொருளையே தொழில்முறையில் வெறுக்கும் இவர், மச்சானின் புது வீட்டு மாடிப்படி கோணல் என்றார். மச்சான் சிரித்துவிட்டார். அவ்வளவுதான்.

போன வருடம் அதே மச்சான் தங்கை கையில் ஒரு போன் கொடுத்தனுப்பினார். வாங்கிக்கொண்டார். கோபம் வேறு, போன் வேறு.

சலுகை விலைப் போன் அது. விற்ற கம்பெனியின் சிம்மைத் தவிர வேறு எதைப் போட்டாலும், பூட்டு நீக்கும் எண்ணைக் கேட்டு முகத்தைத் திருப்பிக்கொள்ளும். நாலு மாதமாக வேலையில்லாமல் இருந்தவருக்கு ஓர் இடம் கிடைக்கவிருந்த நேரம். புது மேனேஜர் தங்கள் சிம்மைக் கொடுத்து, "நாளைக்குக் காலைல பத்து மணிக்கு இதுல கூப்பிடுவேன். எடுத்தா வேலை உங்களுக்கு. இல்லேன்னா அடுத்த ஆளு," என்றுவிட்டார்.

பூட்டு எண்ணையோ, போனை வாங்கியவர் கேட்டால்தான் தருவார்களாம்.

"அண்ணன்கிட்ட போய்க் கேளுங்க," என்றாள் மனைவி.

"நானா? அவர்கிட்டயா?"

"இல்ல, லிஃப்ட்கிட்ட கேளுங்க."

மறுநாள் ஒன்பதரைக்கு மச்சான் வீட்டு சோபா நுனியில், சமாதானம் பேச வந்த தூதுவர்போல உட்கார்ந்திருந்தார். மச்சான் கம்பெனியைக் கூப்பிட்டு ஸ்பீக்கரில் போட்டார்.

"சார், வாங்கினது நீங்கதானான்னு உறுதி பண்ணணும். நீங்களே எழுதிக் கொடுத்த ரகசியக் கேள்வி இது. உங்க பரம எதிரி யாரு?"

மெக்கானிக் நிமிர்ந்து உட்கார்ந்து காலரைச் சரிசெய்துகொண்டார்.

மச்சான் தொண்டையைக் கனைத்தார். "எதிர்வீட்டு வக்கீல்."

"சரியான பதில், சார்."

"என்ன மச்சான் இது?" மெக்கானிக்கின் குரல் தழுதழுத்தது. "ரெண்டு வருஷமா உங்ககூடப் பேசாம இருக்கேன் நானு. எதிரி அவனா?"

"பேசாம இருந்தீங்களா?" மச்சான் நிஜமாகவே திடுக்கிட்டார். "வேலை ஜாஸ்தின்னு நினைச்சேன் மாப்பிள்ளை!"

"எண்ணைக் குறிச்சுக்கறீங்களா சார்?" என்றது ஸ்பீக்கர்.

மானம் ஒரு பக்கம், பதினாறு இலக்கம் ஒரு பக்கம். மூக்கை உறிஞ்சியபடியே எண்ணை அழுத்தினார். ஒன்பது ஐம்பத்தெட்டுக்குப் பூட்டு நீங்கியது. பத்துக்குப் போன் மணி அடித்தது.

"எடுத்துட்டீங்க, நல்லது. வேலை உங்களுக்குத்தான்," என்றார் மேனேஜர். "பெரிய துணிக்கடை லிஃப்ட் நடுவுல நிக்குது. உள்ள ரெண்டு பேர். ஓடுங்க."

மச்சான் ஸ்கூட்டரைக் கிளப்பினார். பின்னால் ஏறிய மெக்கானிக், இந்தமுறை முறைப்படி அறிவித்துவிடுவதென்று தீர்மானித்தார்.

"மச்சான், இந்த நிமிஷத்துலேர்ந்து நான் உங்ககூடப் பேசறதில்ல."

"சரி மாப்பிள்ளை. துணிக்கடைக்கு முனைல லெஃப்டா ரைட்டா?"

உள்ளே இரண்டு பேர் மாட்டிக்கொண்டிருந்தார்கள்.

"லெஃப்ட்," என்றார்.