இரைச்சல் நீக்கிய பிரதி

சாத்தூரில் பழைய வீடியோ கேசட்டுகளைப் பென்டிரைவில் ஏற்றித் தருபவர் முகம்மது நூகு. இரைச்சலை நீக்கிக் கொடுப்பதில் அவருக்குப் பெருமை.

பட்டாசு ஆலை விபத்தில் மகளை இழந்த பொன்னுத்தங்கம் ஒரு கார்ட்டூன் படக் கேசட்டைக் கொடுத்திருந்தார். வீட்டு டிவியில் ஓடியதை அவர் கணவர் கேமராவில் பிடித்த பிரதி அது. பூஞ்சை பிடித்த நாடா ஒருமுறை ஓடியதும் அறுந்துபோனது. நூகு படத்தைத் துலக்கி, ஒலியைச் சுத்தம் செய்து, கணினியில் ஏற்றியிருந்த முதல் பதிவை வழக்கம்போல் அழித்துவிட்டார்.

கடையிலேயே போட்டுக் காட்டினார். முயல் பளிச்சென்று ஓடியது.

"எப்படிம்மா, புதுசு கணக்கா இருக்கா?"

"முயலு கெடக்கட்டும் பாய். இங்கன எம்புள்ள சிரிக்குமே, எங்க காணோம்?"

நூகு ஒலியைக் கூட்டினார். இசை மட்டும் துல்லியமாகக் கேட்டது.

"இன்னொருக்கா கேசட்டையே ஓட்டுங்க பாய்" என்றார் பொன்னுத்தங்கம்.

அறுந்த நாடா மேசை மேல் சுருண்டு கிடந்தது.