பாடகரின் கடைசி ரெய்டு

கபடி நடுவராக நான் யாருக்கும் வளைந்து கொடுத்தவனில்லை. சொந்த மச்சானுக்கே அவுட் கொடுத்து, ஆறு மாதம் அந்த வீட்டுச் சாப்பாட்டை இழந்தவன். அதனால் ஆத்தூர் அணியின் கேப்டன் ஆட்டத்துக்கு முன் என்னை ஓரங்கட்டியபோதே எரிச்சல் வந்தது.

“சார், அந்த மொட்டைத்தலைக்காரரு யாருன்னு தெரியுதா?” என்று காதில் ஒரு பெயரைச் சொன்னான். எனக்குத் தூக்கிவாரிப்போட்டது. கல்யாண வீடு, பஸ், டீக்கடை என்று எங்கும் ஒலிக்கிற சினிமாக் குரல். டிவியில் தோள்வரை முடியோடு பார்த்த ஆள், பழனியில் மொட்டை போட்டதில் அடையாளமே தெரியவில்லை.

“கபடின்னா அவருக்கு உசுரு சார். இங்கிட்டு வந்தா எங்ககூட ஆடாமப் போகமாட்டாரு. வெளிய தெரிஞ்சா அம்புட்டுத்தான், அப்புறம் ஆடவே முடியாது. அதான் ரெய்டுல ‘கபடி கபடி’ன்னு சத்தத்தக் கொறச்சுப் பாடுவாரு. செத்த கண்டுக்காதீங்க.”

“கேக்கலைன்னா வார்னிங்தான்” என்றேன்.

ஆள் நன்றாகவே ஆடினார். கடைசி இரண்டு நிமிடத்தில் ஆட்டம் சமம். அவர் ஒரு ரெய்டு போய் வெறுங்கையோடு திரும்பியதும், “சார், கபடி சொல்றதே கேக்கல!” என்று எதிரணிப் பையன்கள் கத்தினார்கள். எனக்கும் கேட்கவில்லைதான்.

“சத்தமாச் சொல்லுங்க. அடுத்த தடவை கேக்கலைன்னா பாயிண்ட் அவங்களுக்கு.”

அவர் என்னையே பார்த்தார். நான் சொன்னதை மாற்றவில்லை.

எதிரணியின் ரெய்டிலும் பாயிண்ட் இல்லை. அடுத்தது கடைசி ரெய்டு, மறுபடி அவர்தான். கோட்டைத் தாண்டியதும் அவர் தொண்டையைத் திறந்தார். கபடி கபடி என்பதைத் தவிர வேறு சொல் இல்லை. ஆனால் மைதானமே அடங்கிப்போனது.

“ஏலே, இது அவருதான்டா!”

செல்போன்கள் உயர்ந்தன. அவர் கணுக்காலைப் பிடிக்கக் குனிந்த பையன் கையை இழுத்துக்கொண்டு இளித்தான். மற்றவர்களும் ஒதுங்கினார்கள். ஒருவனைத் தொட்டுவிட்டுத் திரும்பினால் போதும், வெற்றி. அவர் தொடவில்லை. பாடிக்கொண்டே காலை நீட்டி நீட்டிக் காட்டினார். யாரும் பிடிக்கவில்லை. மூச்சு தீர்ந்து, கழுத்து நரம்பு புடைத்தது.

“புடிங்கலே!” என்று கத்திவிட்டார்.

பாட்டு அறுந்துவிட்டது. விதிப்படி அவுட். விசிலடித்தேன்.

ஜெயித்த பையன்களே என்னிடம் சண்டைக்கு வந்தார்கள். “அவருக்குப் போயி அவுட் குடுக்குறீங்களே, நீங்கல்லாம் மனுசனா?”

அவர் அவர்களை விலக்கிவிட்டு என் முன்னால் நின்றார். கண்கள் கலங்கியிருந்தன.

“அவுட்டுதான் சார். நீங்களாவது குடுத்தீங்களே.”

அதற்குள் செல்ஃபிக்கு ஓடிவந்த கூட்டம் அவரை அள்ளிக்கொண்டு போனது. அதன்பிறகு அவர் ஆட வரவேயில்லை. அந்த வார்னிங்கை நான் கொடுக்காமல் விட்டிருக்கலாம்.