ரகு எழுதிய பெண்

சங்கமித்ராவுக்கு எலெக்ட்ரானிக் சிட்டியில் ஒரு சின்ன கேம் கம்பெனியில் வேலை. சண்டை, கார் ரேஸ் எதுவும் இல்லாத, படங்களோடு கதையைப் படித்துக்கொண்டே போகிற விளையாட்டுகள் அவை. நடுவில் வரும் கேள்விகளுக்கு நாம் தேர்ந்தெடுக்கும் பதிலைப் பொறுத்துக் காதல் கைகூடும், இல்லை முறியும். ஒரே காட்சியைத் திரும்பத் திரும்ப ஆடிப் பார்த்துப் பிழை சொல்வதற்குத்தான் அவளுக்குச் சம்பளம்.

இந்த முறை வந்த கதையின் நாயகி வகுப்பில் யாரோடும் பேசாதவள். மதியம் லேபுக்குப் பின்னால் மாடிப்படியில் தனியாக உட்கார்ந்து சாப்பிடுவாள். அட்டெண்டன்ஸுக்குக் குரல் எழும்பாமல் கையை மட்டும் தூக்குவாள். மூன்றாவது காட்சியிலேயே சங்கமித்ராவுக்குத் தெரிந்துவிட்டது, அது தான்தான் என்று.

கதையை எழுதிய ரகு காலேஜில் அவளுக்கு இரண்டு பெஞ்சு முன்னால் உட்கார்ந்திருந்தவன். இவள் வேலையில் சேர்ந்த அன்று, "நீங்க எந்த ஏரியா?" என்று புதிதாகப் பார்ப்பவனைப் போலக் கேட்டான். "பொம்மனஹள்ளி" என்று மட்டும் சொல்லி வைத்தாள்.

கதையில் அந்தப் பெண் முன் பெஞ்சுப் பையனை நினைத்து உருகினாள். கோபம் வரும் என்று சங்கமித்ரா காத்திருந்தாள். வரவில்லை. அடுத்த காட்சியைத் திறந்தாள்.

சாயங்காலம் காபி மெஷின் பக்கம் ரகு தனியாக நின்றான்.

"ரகு, இந்தப் பொண்ணு நெஜமாவே இருந்தவளா?"

"ஆமாங்க, எங்க கிளாஸ்ல ஒருத்தி. பேர்கூட ஞாபகமில்ல. எப்பவும் என்னையே பாத்துட்டு இருப்பா."

"உங்களைப் பாக்கல. உங்க தலைக்கு மேல கடிகாரம் இருந்துச்சு. எப்போ பெல் அடிக்கும்னு பாத்துட்டு இருந்தேன்."

ரகு அவளைத் திரும்பிப் பார்த்தான். "நீயா அது? முன்னாடியே சொல்லியிருக்கலாம்ல?"

"எதுக்கு?"

"கதையை மாத்திடட்டுமா?"

"வேணாம். நாலாவது சீன்ல அவ முகமே வர மாட்டேங்குது. அதை மட்டும் சரி பண்ணுங்க."

அவன் என்னவோ சொல்ல வாயெடுத்தான். அதற்குள் அவள் கப்பை அலம்பிக்கொண்டு நகர்ந்துவிட்டாள்.

விளையாட்டு வெளியாகி நன்றாகவே ஓடியது. யார் யாரோ அந்தப் பெண்ணுக்காக அழுதோம் என்று எழுதினார்கள். ரகு அவற்றையெல்லாம் சங்கமித்ராவுக்கு அனுப்பினான், மன்னிப்புக் கேட்கிற மாதிரி. 'அவளை ஒரு தடவை நேர்ல பாத்தாப் போதும்' என்று ஒருவர் எழுதியிருந்ததை அவள் வீட்டுக்குப் போகும் பஸ்ஸில் நின்றபடி படித்தாள். யாரைப் பற்றியோ படிப்பது போலிருந்தது. ஸ்டாப் வந்ததும் இறங்கினாள்.