ஷ்னீஃப்ரை

ஹீற்றரில் மகளின் ஈரக் கையுறைகள் காயும் மணம், இப்போது இடிக்கப்பட்டுவிட்ட எங்கள் பழைய மாடிவீட்டுக் குசினிக்கு என்னை இழுத்துப்போகிறது. ஹார்ஸ் மலையடிவாரத்தில் பனி கொட்டிய காலைகளில் அம்மா முதலில் யன்னலால் எட்டிப்பார்ப்பார். எதிர்வீட்டுக் காரின் கண்ணாடிவரை மூடியிருந்தால் பள்ளிக்கூடம் இல்லை என்பது அவருடைய கணிப்பு, அதை உறுதிசெய்ய இருவரும் தேத்தண்ணியோடு வானொலிக்குக் காதுகொடுத்துக் காத்திருப்போம். பனிக்காகக் கிடைக்கும் விடுமுறைக்கு அந்த நாட்டு மொழியில் 'ஷ்னீஃப்ரை' என்று அம்மாவுக்குச் சொல்லிக்கொடுத்தவள் நான்தான். பனி அகற்றிய தெருவுக்கும் அதே சொல்தான் என்பதைச் சொல்லிக்கொடுக்கவில்லை.

ஒருநாள் வானொலி, தெருக்கள் எல்லாம் ஷ்னீஃப்ரை என்றது. அம்மா என் சப்பாத்தைக் கழற்றினார்.

"ஷ்னீஃப்ரையாம். போய்ப் படு பிள்ளை."

பள்ளிக்கூடம் உண்டு என்று தெரிந்தும் ஓடிப்போய்ப் படுத்தேன். வீடு முழுக்க ரொட்டி மணக்க, அன்று மத்தியானம்வரை அம்மாவின் போர்வைக்குள்ளேயே கிடந்தேன்.

இத்தனை வருடம் உறுத்திய அந்தக் கள்ளத்தை இன்று தொலைபேசியில் சொன்னேன். அம்மா சிரித்தார்.

"எனக்குத் தெரியும் பிள்ளை. பஸ் ஓடினதைக் கண்டனான்தானே. அண்டைக்கு எனக்கும் லீவு."