ஜெர்மன் கடிகாரமும் வெள்ளிக்கிழமை ராகு காலமும்

என் முட்டாள்தனத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ஜெர்மனியில் ஒலிபரப்பும் ரேடியோ அலை பீளமேட்டில் எங்கள் மொட்டை மாடி வரைக்கும் வரும் என்று நம்பியவன் நான். படித்ததோ எலக்ட்ரானிக்ஸ்.

மில் மெஷின் பயிற்சிக்காக ஜெர்மனி போன அக்கா வீட்டுக்காரர் ஒரு மேஜைக் கடிகாரம் வாங்கி வந்திருந்தார். ரேடியோ அலையைப் பிடித்துத் தானே நேரத்தைத் திருத்திக்கொள்ளுமாம். சுவர்க் கடிகாரத்தின் பேட்டரியைப் பிடுங்கி இதில் போட்டேன். பன்னிரண்டு காட்டியது. சிக்னல் தேடுவதற்கு அடையாளமாக மூலையில் ஒரு குட்டிக் கோபுரம் மினுங்கியது. ஜன்னலில் வைத்தேன், பீரோ மேல் வைத்தேன், கடைசியில் மாடியில் டிவி ஆன்டெனா கம்பத்தில் கட்டினேன்.

“ஏங் கண்ணு, கடியாரத்த எதுக்கு வெயில்ல காய வெச்சிருக்கறே?” என்றார் அம்மா.

வெள்ளிக்கிழமை சத்தியமங்கலத்தில் எனக்குப் பெண் பார்க்கும் நாள். ஏற்கெனவே இரண்டு இடம் தட்டிப்போயிருந்தது. பத்தரைக்கு ராகு காலம். அதற்குள் வாசற்படி தாண்டியாக வேண்டும். காலை ரேடியோ செய்தியைக் கேட்டு நேரத்தைக் கையாலேயே வைத்தேன். அத்தோடு விட்டேனா? இன்றைக்காவது சிக்னல் வராதா என்று போகும்போதும் வரும்போதும் தேடும் பொத்தானை அழுத்தினேன். தேடுகிற நேரமெல்லாம் கடிகாரம் ஓடாமல் நிற்கும் என்பது பிறகுதான் தெரிந்தது. போதாக்குறைக்கு என் வாட்சையும் அப்பாவின் வாட்சையும் அதைப் பார்த்தே திருத்தி வைத்தேன்.

கடிகாரத்தில் பத்து மணி. அப்பா நிதானமாக மீசை கத்தரித்துக்கொண்டிருந்தார். வாசலில் டாக்ஸிக்காரர் எட்டிப் பார்த்தார்.

“ஏனுங்க, பத்தே முக்காலாச்சுங்க. கெளம்பலீங்களா?”

அப்பாவின் கத்தரி நின்றது. “பெரிய இஞ்சினீரு! ஓடிட்டிருந்த செவுத்துக் கடியாரத்தையும் கொன்னுபோட்டான்.”

பன்னிரண்டு வரை பட்டு வேட்டியோடு வீட்டுக்குள்ளேயே உட்கார்ந்திருந்தோம். பன்னிரண்டரைக்கு எங்களை எதிர்பார்த்தவர்கள் வீட்டில் இரண்டு மணிக்கு ஆறிப்போன பஜ்ஜியைத் தின்றோம். பெண்ணின் அப்பா சிரிக்கவே இல்லை. இதுவும் போச்சு என்றே நினைத்தேன்.

ஐந்து நிமிடம் தனியாகப் பேசச் சொன்னார்கள். நான் ஐந்து நிமிடமும் கடிகாரத்தைப் பற்றியே பேசினேன். அலை, ஆன்டெனா, குட்டிக் கோபுரம், ஒரு நொடிகூடப் பிசகாத ஜெர்மன் நேரம். அவள் எல்லாவற்றையும் பொறுமையாகக் கேட்டுவிட்டுச் சொன்னாள்:

“அடுத்த தடவ பஸ்ஸுல வந்துருங்க. அது நேரத்துக்குக் கெளம்பிரும்.”