நாலு லீற்றர் விரதம்

சித்தி எந்தச் சாமிக்கு விரதம் என்பதில் எங்கள் வீட்டிலேயே ஒற்றுமை இருக்கவில்லை. செவ்வாய்க்கிழமை என்பதால் முருகனுக்கு என்றார் அம்மா. இரவு வேலைக்குப் புறப்படும் அவசரத்தில், சனீஸ்வரனுக்கு என்று சொல்லச் சொன்னார் அப்பா. எனக்கு ஒன்பது வயது. எதற்கும் இருக்கட்டும் என்று இரண்டையும் மனப்பாடம் செய்து வைத்தேன்.

உண்மையில் சித்தி பட்டினி கிடந்தது ஒரு கமராவுக்காக.

சித்தி அம்மாவின் தங்கை. யாழ்ப்பாணத்திலிருந்து மொன்றியலுக்கு வந்து இரண்டு வருடமாக எங்களோடு இருந்தார். அந்தக் கோடையில் வயிற்றுவலி தொடங்கியது. பிறகு இரத்தம் போனது. மாரி வருவதற்குள் பாதியாக மெலிந்துவிட்டார். ஆறு மாதம் காத்திருந்து கிடைத்த பரிசோதனை மறுநாள் காலையில். நுனியில் கமரா உள்ள நீண்ட குழாயைக் குடலுக்குள் விட்டு, எங்கே புண், எங்கே வீக்கம் என்று பார்ப்பார்களாம். அதற்குக் குடல் கழுவித் துடைத்ததுபோல இருக்க வேண்டும். இல்லாவிட்டால் திருப்பி அனுப்பிவிடுவார்கள். பிறகு இன்னொரு ஆறு மாதம்.

ஆஸ்பத்திரி தந்த தாள் முழுக்கப் பிரெஞ்சு. வீட்டில் அதைத் தடக்காமல் வாசிக்கக்கூடிய ஒரே ஆள் நான். என் பெருமையைக் கேட்க வேண்டுமா? மூன்று நாள் விதை, கொட்டை கூடாது. இன்றைக்குச் சாப்பாடே கூடாது. நாலு மணியிலிருந்து, குடலைக் கழுவுகிற மருந்துமாவைக் கரைத்து வைத்த நாலு லீற்றர் தண்ணீரைக் கால்மணிக்கு ஒரு கிளாஸ் குடிக்க வேண்டும். தாளைக் காந்தத்தால் பிரிட்ஜில் ஒட்டினேன். முட்டை அவிக்கிற மணிக்கூட்டைக் கையில் எடுத்துக்கொண்டேன். அன்றைக்கு அந்த வீட்டின் பெரிய டொக்டர் நான்தான்.

ஒன்று மட்டும் விளங்கவில்லை. எனக்குக் காய்ச்சல் வந்தால் ஊருக்கெல்லாம் போன் போட்டுச் சொல்கிற அம்மா, இதை மட்டும் ஏன் ஒளிக்கிறார்?

“லவாலுக்குக் காத்துவாக்கிலை போச்செண்டாலும் காணும், கலியாணம் நிண்டிடும். வாயைத் திறந்தியோ தெரியும்!” என்றார் அம்மா.

பக்கத்து நகரமான லவாலில் சித்திக்கு ஒரு மாப்பிள்ளை பார்த்திருந்தார்கள். சாதகம் பொருந்திவிட்டது. படத்தைப் பார்த்த நாளிலிருந்து சித்தி தனியே இருந்து சிரித்தார். மாப்பிள்ளையின் தாய், எங்களுக்கு லவால் அன்ரி, அன்று பின்னேரம் போன் எடுத்தபோது சித்தி குளியலறையில். அம்மா அவசரத்துக்கு, “பிள்ளை இண்டைக்கு விரதம், சாமியறையிலை நிக்கிறாள்” என்றார். அந்தப் பொய் நன்றாக வேலை செய்தது, தேவைக்கு மேலேயே. இந்தக் காலத்தில் இப்படியொரு பிள்ளையா என்று உருகிப்போன அன்ரி, கோயிலுக்குப் போய், பிரசாதத்தோடு ஆறு மணிக்கு எங்கள் வாசலில் பனிச்சப்பாத்தைக் கழற்றிக்கொண்டு நின்றார்.

சித்தி சேலை உடுத்தித் தேத்தண்ணி கொண்டுவந்தார். இரண்டு வார்த்தை கதைப்பதற்குள் முகம் மாறி உள்ளே ஓடினார். திரும்பி வந்தார். மறுபடி ஓடினார்.

“விரத நாளிலை இவள் இப்பிடித்தான்,” என்றார் அம்மா. “ஒவ்வொருக்காலும் கால்முகம் கழுவிப்போட்டுத்தான் விளக்கைத் தொடுவாள்.”

“அப்பிடியே! என்ன ஆசாரமான பிள்ளை!”

சித்தி ஐந்தாவது தடவை திரும்பி வந்தபோது, அன்ரி ஈயத்தாளைப் பிரித்துச் சர்க்கரைப் பொங்கலில் ஒரு கை அள்ளினார். “பிரசாதம், பிள்ளை. விரதத்துக்குக் குத்தமில்லை. வாயைத் திறவும்.”

பிரசாதத்தை எப்படி வேண்டாம் என்பது? சித்தி என்னைப் பார்த்தார். பொங்கலில் கஜுக்கொட்டை இருந்தது, முந்திரிகைவத்தல் இருந்தது. என் கையில் மணிக்கூடு கிணுகிணுவென்று அடித்தது.

“சித்தி, சாப்பிடாதேங்கோ! நாளைக்குக் குடலுக்குள்ளை கமரா விடேக்கை ஒண்டுமே தெரியாது!”

குளியலறையில் தண்ணீர்த் தொட்டி நிரம்புகிற சத்தம் மட்டும் கேட்டது. அம்மாவின் நகம் என் கையில் பதிந்தது. சித்தி நிலத்தைப் பார்த்துக்கொண்டு நின்றார். கண்ணீர் சேலையில் விழுந்தது. கலியாணம் என்னால் முடிந்தது என்று எனக்கு அப்போதே தெரிந்துவிட்டது.

அன்ரி பொங்கலைத் திரும்ப வைத்து மூடினார். கையைத் துடைத்தார். எழுந்து குசினிக்குப் போய், மேசையிலிருந்த பிளாஸ்ரிக் கலனைத் தூக்கி வெளிச்சத்தில் பிடித்து எவ்வளவு மிச்சம் என்று பார்த்தார்.

“இதை ஏன் சூட்டிலை வச்சிருக்கிறியள்? பிரிட்ஜிலை வையுங்கோ,” என்றார் அம்மாவிடம். என் பக்கம் திரும்பினார். “ஸ்ட்ரோ கிடக்கே?”

எனக்கு ஜூஸோடு வந்த ஸ்ட்ரோ ஒன்று இருந்தது. கொடுத்தேன். அதைக் கிளாஸில் போட்டுச் சித்தியின் கையில் வைத்தார். “நுனிநாக்கிலை படாமல் உள்ளுக்கு வச்சு உறிஞ்சும். கடைசி லீற்றர்தான் ஆக்கினை. குடிச்சு முடிக்கோணும், என்ன?”

சித்தி விம்மிக்கொண்டே உறிஞ்சினார். அன்ரி பக்கத்தில் நின்று அவர் முதுகைத் தடவினார். சப்பாத்துப் போடும்போது, “விரதம் நல்லபடியா முடியட்டும்” என்றார். இவ்வளவு பச்சையாக நான் சொன்ன பிறகும் ஏன் விரதம் என்கிறார்? காதில் விழவில்லையோ?

மறுநாள் கொண்டுவந்த படங்களைப் பார்த்தேன். தண்ணிப் பூங்காவின் வளைந்த சறுக்குக் குழாய் மாதிரி இருந்தது சித்தியின் குடல். ஆனால் சிவந்து, தடித்து, இடையிடையே புண். பரிசோதிக்க ஒரு துளி சதை எடுத்தார்களாம். பிறகு டொக்டர் நிறையக் குளிசை கொடுத்தார். கோடையில் மறுபடி கமரா விட்டபோது சிவப்பு அடங்கியிருந்தது. குளிசையை மட்டும் விடக்கூடாதாம். மாறிவிட்டதென்றால் ஏன் குளிசை? அதுவும் எனக்கு விளங்கவில்லை.

கலியாணம் நிற்கவில்லை. அதுதான் எல்லாவற்றையும்விடக் குழப்பம்.

அடுத்த மாரியில் லவாலுக்குப் போனோம். எல்லோருக்கும் புட்டும் மீன்குழம்பும். புதுச் சித்தப்பா மட்டும் சாப்பிட வரவில்லை. “அவனுக்கு இண்டைக்கு விரதம்,” என்றார் அன்ரி, அம்மாவின் முகத்தைப் பார்க்காமல்.

மீன்குழம்பு வைத்த வீட்டில் விரதமா? எந்தச் சாமிக்கு என்று கேட்க வாயெடுத்தேன். அம்மா என் கையைப் பிடித்தார். இந்தமுறை நகம் பதியவில்லை.

சித்தி எழுந்தார். பிரிட்ஜைத் திறந்து, அதே மாதிரிப் பிளாஸ்ரிக் கலனிலிருந்து ஒரு கிளாஸ் வார்த்து, ஒரு ஸ்ட்ரோவைப் போட்டு, மேல்மாடிக்குக் கொண்டுபோனார். என்ன பக்தியான குடும்பம் என்று நினைத்துக்கொண்டு நான் இன்னொரு மீன்துண்டு எடுத்தேன்.